கார்சியா: ஓர் ஆட்பெயர் குடும்பப்பெயராக உறைந்த கதை

1982ஆம் ஆண்டு இலக்கியத்துக்கான நோபல் பரிசைப் பெற்ற கொலம்பிய எழுத்தாளரைத் தமிழ் வாசகர்கள் மார்க்வெஸ் என்றே அழைத்துப் பழகிவிட்டோம். ஸ்பானிய முறைப்படி பார்த்தால் இதில் இரண்டு பிசகுகள் இருக்கின்றன. முதலாவது உச்சரிப்பு, அந்தப் பெயரில் வகரம் ஒலிக்காது, மார்கெஸ் என்பதே சரி. இரண்டாவதுதான் முக்கியமானது. கப்ரியேல் கார்சியா மார்கெஸ் என்ற முழுப்பெயரில் தந்தைவழி வந்த குடும்பப்பெயர் கார்சியா; மார்கெஸ் அவருடைய தாய் லூயிசா சந்தியாகாவின் குடும்பப்பெயர். எனவே ஸ்பானிய நூலகம் ஒன்றின் அட்டவணையில் அவரைத் தேடுபவர் 'கார்சியா மார்கெஸ்' என்ற இடத்துக்குத்தான் போக வேண்டும்.

ஆனால் இந்தப் பிசகை நாம் மட்டும் செய்யவில்லை. 1898இல் கிரனாதாவை அடுத்த பூயெந்தே வக்கேரோஸ் என்னும் ஊரில் பிறந்த கவிஞர் பெதெரிகோ கார்சியா லோர்காவை ஸ்பானியர்களே லோர்கா என்றுதான் சொல்கிறார்கள். அதுவும் தாய்வழிப் பெயர்தான். பிரதமராக இருந்த ரொட்ரிகெஸ் சபத்தேரோ வெறும் சபத்தேரோ ஆனதும் இதே காரணத்தால்தான். தந்தை தந்த பெயர் தெருவுக்குப் பத்துப் பேரிடம் இருந்தால் அதைக் கொண்டு ஆளை அடையாளம் காட்ட முடியாது. ஆகவே தாய் தந்த பெயர் முன்னுக்கு வந்துவிடுகிறது. கார்சியா என்ற பெயரைப் பற்றிச் சொல்ல வேண்டிய முதல் செய்தியே இதுதான்: அது மிகவும் பரவிவிட்டதால் தன் வேலையைச் செய்ய முடியாமல் போன பெயர்.

ஸ்பெயின் நாட்டின் தேசியப் புள்ளியியல் நிறுவனம் வெளியிடும் குடும்பப்பெயர்ப் பட்டியலில் கார்சியாவுக்கே முதலிடம். 14 லட்சத்துக்கும் அதிகமானோர் அதைத் தங்கள் முதல் குடும்பப்பெயராகக் கொண்டிருக்கிறார்கள். அதாவது நாட்டு மக்களில் நூற்றுக்கு ஏறத்தாழ மூன்று பேர். ஏறக்குறைய அதே அளவினர் அதைத் தாய்வழி வந்த இரண்டாம் பெயராகச் சுமக்கிறார்கள். தந்தை, தாய் இருவரும் கார்சியாக்களாக அமைந்து, கார்சியா கார்சியா என்று இரட்டித்து எழுதிக்கொள்பவர்களும் ஆயிரக்கணக்கில் உண்டு. இந்தப் பட்டியலின் முதல் பத்து இடங்களில் ரொட்ரிகெஸ், கொன்சாலெஸ், பெர்னாந்தெஸ், லோப்பெஸ், மார்த்தினெஸ், சாஞ்செஸ், பெரெஸ், கோமெஸ் ஆகிய எட்டுப் பெயர்கள் 'எஸ்' என்ற விகுதியோடு முடிகின்றன. விகுதி இல்லாமல் நிற்பவை கார்சியாவும் மார்த்தினும் மட்டுமே. பத்தில் ஒன்றுகூடத் தொழிலையோ ஊரையோ சுட்டவில்லை. பத்தும் ஒரு காலத்தில் பிள்ளைகளுக்குச் சூட்டப்பட்ட ஆட்பெயர்கள்.

இந்த 'எஸ்' விகுதிக்கு 'இன்னாரின் பிள்ளை' என்பது பொருள். அது எந்த மொழியிலிருந்து வந்தது என்பதில் லத்தீன் வேற்றுமை உருபு என்பாரும், பாஸ்க் மொழியின் உருபு என்பாரும் உண்டு; ஆனால் அது செய்யும் வேலையில் ஐயமில்லை. பெர்னாந்தோவின் மகன் பெர்னாந்தெஸ், சாஞ்சோவின் மகன் சாஞ்செஸ், மார்க்கோஸின் மகன் மார்கெஸ். இதைப் புரிந்துகொள்ளத் தமிழர்களுக்குப் பெரிய விளக்கம் தேவையில்லை. தகப்பன் பெயரின் முதலெழுத்தைப் பிள்ளையின் பெயருக்கு முன்னே போடும் நம் வழக்கமும் இதே வேலையைத்தான் செய்கிறது. தலைமுறைக்குத் தலைமுறை அது மாறிவிடும் என்பதும் பொது. இடைக்கால ஸ்பெயினில் பின்னொட்டாக நின்ற பெயரும் அப்படித்தான் மாறிக்கொண்டே இருந்தது.

பத்தாம் நூற்றாண்டுக் காஸ்தில் பகுதியை ஆண்ட பிரபுக்களின் வரிசையைப் பார்த்தால் இந்த மாற்றம் கண்ணெதிரே நடப்பதுபோல் தெரியும். கொன்சாலோ பெர்னாந்தெஸ் என்பவரின் மகன் பெர்னான் கொன்சாலெஸ், இறப்பு 970. அவர் மகன் கார்சியா பெர்னாந்தெஸ், இறப்பு 995. அவர் மகன் சாஞ்சோ கார்சியா, இறப்பு 1017. அவர் மகன் கார்சியா சாஞ்செஸ். திருமணத்துக்காக லெயோன் நகருக்குப் போன இடத்தில் 1029இல் கொலையுண்டார். ஐந்து தலைமுறை, ஒரே வம்சம். ஆனால் இன்றைய பொருளில் அவர்களுக்குப் பொதுவான குடும்பப்பெயர் என்று ஒன்றுமில்லை. தகப்பனின் முதற்பெயர் மகனின் பின்பெயராகிறது, அடுத்த தலைமுறையில் அது கழன்றுவிடுகிறது.

இவர்களுக்குக் கிழக்கே, பிரனீஸ் மலையடிவாரத்தில் இருந்த பம்ப்லோனா அரசில் இந்த முறை இன்னும் ஒழுங்காக நடந்தது. 905இல் ஆட்சிக்கு வந்தவர் சாஞ்சோ கார்செஸ். அதாவது கார்சியாவின் மகனான சாஞ்சோ. அவர் மகன் கார்சியா சாஞ்செஸ். அவர் மகன் மறுபடியும் சாஞ்சோ கார்செஸ். இப்படியே சாஞ்சோ, கார்சியா, சாஞ்சோ, கார்சியா என்று மாறி மாறி 1076 வரை ஏழு தலைமுறை ஓடியது. கடைசி சாஞ்சோ கார்செஸை உடன்பிறந்தவர்களே சதி செய்து மலை முகட்டிலிருந்து தள்ளிக் கொன்ற பிறகுதான் அந்த வரிசை அறுந்தது. பாட்டன் பெயரைப் பிள்ளைக்கு இடுவது அங்கே எவ்வளவு உறுதியான வழக்கமாக இருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. 'பெயரன்' என்பதே பேரன் என்று ஆனது என்று அறிந்த தமிழர்களுக்கு இதில் வியப்பும் இருக்காது.

மேலே சொன்ன இரு வரிசைகளையும் கவனமாகப் படித்தவருக்கு ஒரு வேறுபாடு தட்டுப்பட்டிருக்கும். கார்சியாவின் மகனைப் பம்ப்லோனாவில் கார்செஸ் என்று விகுதி சேர்த்துச் சொன்னார்கள்; காஸ்திலில் சாஞ்சோ கார்சியா என்று தகப்பன் பெயரை அப்படியே பக்கத்தில் வைத்துவிட்டார்கள். இரண்டும் அன்று செல்லுபடியான முறைகள்தான். கார்செஸ் என்ற வடிவம் ஒரு தனிக் குடும்பப்பெயராக இன்றும் இருக்கிறது. ஆனால் எண்ணிக்கையில் மொட்டைக் கார்சியாவோடு போட்டியிட அதனால் முடியாது.

கார்சியா முதலிடத்துக்கு வந்ததற்கும் இதற்கும் தொடர்பு உண்டு என்பது என் கணிப்பு. சாஞ்சோ என்ற பெயரிலிருந்து சாஞ்செஸ் மட்டும் பிறக்கவில்லை. சாயெஸ், சாயென்ஸ், சான்ஸ் என்று பல கிளைகள் பிரிந்தன. ரொட்ரிகோவிலிருந்து ரொட்ரிகெஸும் வந்தது, அதன் சுருக்கமான ருயி என்பதிலிருந்து ருயிஸும் வந்தது. பெர்னாந்தோவின் வழியில் பெர்னாந்தெஸும் எர்னாந்தெஸும் தனித்தனிப் பெயர்களாக நிற்கின்றன. தியேகோவுக்குத் தியாஸ், தியேஸ், தியேகெஸ் என்று மூன்று வாரிசுகள். தேர்தல் மொழியில் சொன்னால், மற்ற பெயர்களுக்கு விழுந்த வாக்குகள் பிரிந்துபோயின. கார்சியாவின் வாக்குகள் பெரும்பாலும் ஒரே பெட்டியில் விழுந்தன. ஒன்பதாம் நூற்றாண்டு தொடங்கி அரசர்களும் பிரபுக்களும் சூடிக்கொண்டு செல்வாக்குத் தேடித் தந்த பெயர் அது என்பதும், வடக்கேயிருந்த கிறித்தவ அரசுகள் தெற்கே விரிந்து புதிய ஊர்களில் குடியேறிகளை அமர்த்தியபோது அந்தப் பெயரும் கூடவே இறங்கியது என்பதும் அடிப்படைக் காரணங்கள். வாக்குப் பிரியாதது கூடுதல் காரணம்.

ஆட்பெயராகவும் கார்சியா நெடுங்காலம் உயிரோடு இருந்தது. இன்னொரு பெயருக்கு முன்னால் வரும்போது அது கார்சி என்று குறுகும். பதினாறாம் நூற்றாண்டுக் கவிஞர் கார்சிலாசோ தே லா வேகாவின் முதற்பெயர், கார்சி, லாசோ என்ற இரண்டும் ஒட்டிக்கொண்டதுதான். 1539இல் கூஸ்கோ நகரில் ஸ்பானியத் தந்தைக்கும் இன்கா அரச குலத் தாய்க்கும் பிறந்த வரலாற்றாசிரியர் திருமுழுக்கில் பெற்ற பெயர் கோமெஸ் சுவாரெஸ் தே பிகெரோவா. ஸ்பெயினுக்குப் போன பிறகு அதைக் களைந்துவிட்டு, தந்தையின் பெயரான கார்சிலாசோ தே லா வேகா என்பதை எடுத்துக்கொண்டார். இன்று இன்கா கார்சிலாசோ என்றே அறியப்படுகிறார்.

இந்திய மண்ணிலும் முதற்பெயராக ஒரு கார்சியா வாழ்ந்திருக்கிறார். 1534இல் கோவாவுக்கு வந்து, இந்திய மூலிகைகளையும் மருந்துச் சரக்குகளையும் பற்றி உரையாடல் வடிவில் எழுதிய நூலை 1563இல் அங்கேயே அச்சிட்ட போர்ச்சுகீசிய மருத்துவர் கார்சியா த ஒர்த்தாதான் அவர். அவருக்குக் கார்சியா என்பது பெற்றோர் இட்ட பெயர். ஒர்த்தா என்பதே குடும்பப்பெயர். இன்று ஸ்பெயினில் பிறக்கும் குழந்தைக்குக் கார்சியா என்று பெயரிடுவோர் அநேகமாக இல்லை. குடும்பப்பெயராக உறைந்த பிறகு ஆட்பெயர் வழக்கொழிந்தது.

அந்த உறைதல் ஒரே நாளில் நடக்கவில்லை. பதின்மூன்றாம் நூற்றாண்டிலிருந்து சொத்துரிமை ஆவணங்களும் வரிப் பதிவுகளும் பெருகப் பெருக, தகப்பன் பெயர் மாறிய பிறகும் பாட்டன் காலத்துப் பின்பெயரையே வைத்துக்கொள்வது வசதியாகப்பட்டது. பதினைந்தாம் நூற்றாண்டின் இறுதியில் தொலேதோ மறைமாவட்டத்தில் பேராயர் சிஸ்னேரோஸ் திருமுழுக்குப் பதிவேடுகளைக் கட்டாயமாக்கினார். 1563இல் முடிவடைந்த திரெந்து பொதுச்சங்கம் அதைக் கத்தோலிக்க உலகம் முழுவதற்கும் விதியாக்கியது. பெயர் காகிதத்தில் ஏறிவிட்டது. ஆனாலும் எந்தப் பெயர் ஏற வேண்டும் என்பதில் சுதந்திரம் மிச்சமிருந்தது. ஓவியர் வெலாஸ்கெஸின் தந்தை ரொட்ரிகெஸ். ஓவியர் புகழடைந்தது தாயின் பெயரால். கவிஞர் லூயிஸ் தே கோங்கொராவின் தந்தை அர்கோத்தே, தாய்தான் கோங்கொரா. ஒரே வயிற்றில் பிறந்த பிள்ளைகள் ஆளுக்கொரு குடும்பப்பெயரோடு இருப்பதும், சொத்துத் தரும் பாட்டியின் பெயரைப் பேரப்பிள்ளை எடுத்துக்கொள்வதும் அக்காலத்தில் சாதாரணம்.

1870இல் இயற்றப்பட்டு 1871 சனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த குடிமைப் பதிவுச் சட்டம்தான் இந்த நெகிழ்வுக்கு முற்றுப்புள்ளி வைத்தது. முதலில் தந்தையின் முதல் குடும்பப்பெயர், அடுத்துத் தாயின் முதல் குடும்பப்பெயர் என்று இரண்டு பெயர்கள் ஒவ்வொருவருக்கும் நிலைபெற்றன. பெண்கள் திருமணத்தால் தங்கள் பெயரை இழப்பதும் இல்லை.

இனி, கார்சியா என்ற சொல்லுக்கு என்ன பொருள் என்ற கேள்விக்கு வரலாம். உடன் இருக்கும் பெயர்களில் பெரும்பாலானவற்றின் பொருள் எளிதாகக் கிடைத்துவிடுகிறது. ரொட்ரிகோவும் பெர்னாந்தோவும் விசிகோத்துகள் கொண்டுவந்த செருமானியப் பெயர்கள். சாஞ்சோ, மார்த்தின், பெத்ரோ ஆகியவை லத்தீன், கிறித்தவ மரபினவை. கார்சியா இந்த இரண்டு கூட்டத்திலும் சேரவில்லை. மிகப் பழைய ஆவணங்களில் அது கர்சேயா, கர்சியா என்று எழுதப்பட்டிருக்கிறது. பம்ப்லோனாவிலும், மலைக்கு அப்பால் காஸ்கோன் நாட்டிலும், அதாவது பிரனீசின் இரு சரிவுகளிலும் அது தொடக்கத்திலேயே செழித்திருக்கிறது. அந்த நிலப்பரப்பின் பழைய மொழி பாஸ்க். ஐரோப்பாவின் எந்த மொழிக் குடும்பத்தோடும் உறவு நிறுவப்படாத அம்மொழியில்தான் இப்பெயரின் வேர் இருக்க வேண்டும் என்பதில் பெரும்பாலோர் உடன்படுகிறார்கள். எந்தச் சொல் என்பதில்தான் பிணக்கு.

பலரும் விரும்பிச் சொல்லும் விளக்கம் கரடி. பாஸ்க் மொழியில் கரடிக்கு ஹார்ட்ஸ் என்று பெயர். பிரனீஸ் காடுகளில் கரடிகள் இருந்தன. விலங்குப் பெயரை மனிதருக்கு இடுவதும் அம்மக்களிடம் வழக்கம். ஓநாயைக் குறிக்கும் ஒட்சோவா என்ற சொல் ஆட்பெயராகி, இன்று ஒச்சோவா என்ற குடும்பப்பெயராக நிற்கிறது. லோப்பெஸின் மூலமான லோப்பே என்பதும் லத்தீனில் ஓநாய்தான். ஆகவே கரடி வந்தால் வியப்பில்லை. இடறுவது முதலெழுத்து. சொல்முதல் ஹகரம் பாஸ்க் மொழியின் சில வட்டாரங்களில் நிலைத்திருக்கிறது, சிலவற்றில் விழுந்துவிட்டது. பம்ப்லோனா இருக்கும் நவார்ராப் பகுதியில் கரடி ஆர்ட்ஸ் என்றே ஒலிக்கும். ஹகரம் ககரமாகத் திரிந்தது என்று காட்ட இதே போன்ற வேறு சொற்கள் வேண்டும். அவை எளிதில் அகப்படுவதில்லை. வீரம் தொனிக்கும் விளக்கம் என்பதால் இது பரவியிருக்கிறதே தவிர, ஒலியியல் இதற்குத் துணை நிற்கவில்லை.

இரண்டாவது விளக்கம் அவ்வளவு கம்பீரமானதல்ல. ஆனால் எனக்கு அதுவே வலுவாகத் தோன்றுகிறது. பாஸ்க் மொழியில் கஸ்தே என்றால் இளையவர். அதோடு சுட்டு விகுதியான ஆகாரம் சேர்ந்தால் கஸ்தேயா, 'அந்த இளையவர்'. கஸ்தேயாவுக்கும் கர்சேயாவுக்கும் இடையே ஒரு ரகரம் உதைக்கிறதே என்று கேட்கலாம். அந்த ரகரத்துக்கு அம்மொழியின் வட்டார வழக்குகளிலேயே விடை இருக்கிறது. ஐந்து என்ற எண் மேற்கே போஸ்ட், கிழக்கே போர்ட்ஸ். 'மற்றது' என்ற சொல் மேற்கே பெஸ்தே, கிழக்கே பெர்ட்ஸே. கிழக்கு வடிவத்தில் இருக்கும் ரகரம் மேற்கில் இல்லை. அதற்கு ஈடாகச் சகரமும் தகரமும் சேர்ந்து நிற்கின்றன. இதே வாய்பாட்டைக் கஸ்தேவுக்குப் பொருத்தினால் கிழக்கு வடிவம் கர்ட்ஸே என்று இருந்திருக்க வேண்டும். அதன்மேல் ஆகாரம் ஏறினால் கர்ட்ஸேயா. லத்தீன் எழுத்தர்கள் கையில் அது கர்சேயா. ஏகாரம் ஆகாரத்தின் முன் இகரமாகக் குறுகுவது பாஸ்க் பேச்சில் அன்றாடம் நடப்பது. வீடு என்று பொருள்படும் எச்சேயா பல ஊர்களில் எச்சியா ஆகிவிடுகிறது. கர்சேயாவிலிருந்து கர்சியா அந்த வழியில் வந்ததே.

'இளையவன்' என்பது மனிதருக்குப் பெயராகுமா என்ற ஐயத்தைத் தமிழர்கள் எழுப்ப மாட்டோம். சின்னத்தம்பியும் பெரியசாமியும் நம் ஊரில் வாழ்கிறார்கள். பாஸ்க் நிலத்திலும் உறவையும் வயதையும் சுட்டும் சொற்கள் தொன்றுதொட்டுப் பெயர்களாக இருந்திருக்கின்றன. நவார்ராவில் லெர்கா என்னும் ஊரில் கிடைத்த ரோமர் காலக் கல்லறைக் கல்லில் உம்மெசஹார் என்று ஒரு பெயர் வெட்டப்பட்டிருக்கிறது. இன்றைய பாஸ்க் மொழியில் உமே என்றால் குழந்தை, சஹார் என்றால் மூத்தது. ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் ஒருவர் 'மூத்த பிள்ளை' என்ற பெயரோடு வாழ்ந்திருந்தால், பின்னொரு காலத்தில் இன்னொருவர் 'இளையவர்' என்ற பெயரோடு வாழ்ந்திருப்பதில் தடையேதும் இல்லை. இருந்தாலும், கர்ட்ஸே என்ற சொல் 'இளையவர்' என்ற பொருளில் எழுத்தில் அகப்படாத வரை இதுவும் கருதுகோளாகவே நிற்கும்.

மூன்றாவது விளக்கம் ஒன்று உண்டு. அதை விளக்கம் என்பதைவிடச் சிலேடை என்பதே பொருந்தும். ஸ்பானிய மொழியில் கார்சா என்றால் நாரை. பெயரும் பறவையும் ஒலியில் நெருங்கியிருப்பதால், கார்சியா என்ற பெயருடைய சில குடும்பங்களின் கேடயச் சின்னங்களில் நாரை ஏறிக்கொண்டது. கூடவே 'கார்சியாவுக்கு மேலே என்று யாரும் பேச வேண்டாம்' என்று எதுகையோடு ஒரு விருதுவாக்கும் சேர்ந்தது. இன்று சுற்றுலா ஊர்களின் கடைகளில் எந்தக் கார்சியா போய்க் கேட்டாலும் நாரை பொறித்த கேடயத்தை அச்சிட்டுக் கையில் கொடுத்துவிடுகிறார்கள். கேடயச் சின்னம் ஒரு குறிப்பிட்ட குடும்பக் கிளைக்கு உரியது, பெயருக்கு உரியதல்ல. கார்சியா என்று பெயர் வைத்திருந்த ஆயிரமாயிரம் தகப்பன்களிடமிருந்து தனித்தனியே கிளைத்த பெயர் இது. எல்லாக் கார்சியாக்களுக்கும் ஒரு மூதாதை என்பது, எல்லா முருகன்களும் ஒரே குடும்பம் என்பதைப் போன்றது.

கடல் கடந்த இடங்களில் இந்தப் பெயர் பரவியதில் குடியேற்றத்துக்குப் பங்கு உண்டு. அமெரிக்கக் கண்டங்களின் பழங்குடிகளுக்குத் திருமுழுக்கின்போது ஸ்பானியப் பெயர்கள் இடப்பட்டதற்கும் உண்டு. பிலிப்பைன்சில் 1849 நவம்பரில் ஆளுநர் நர்சிசோ கிளவேரியா ஓர் ஆணை பிறப்பித்தார். சுமார் 60,000 குடும்பப்பெயர்கள் அகரவரிசையில் அடங்கிய பட்டியல் மாகாணங்களுக்கு அனுப்பப்பட்டு, அதிலிருந்து மக்களுக்குப் பெயர்கள் பிரித்துக் கொடுக்கப்பட்டன. எனவே அங்கே ஒருவர் ஸ்பானியப் பெயர் தாங்கியிருப்பதைக் கொண்டு அவருக்கு ஸ்பானிய மூதாதை உண்டு என்று முடிவுகட்ட முடியாது. 1957 முதல் 1961 வரை அந்நாட்டு அதிபராக இருந்தவரும் ஒரு கார்சியாதான். அமெரிக்க ஐக்கிய நாட்டின் 2010ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 11,66,120 பேருடன் கார்சியா ஆறாவது இடத்துக்கு வந்தது. 2000இல் அது எட்டாவது இடத்தில் இருந்தது.

நம் முத்துக்குளித்துறைக் கடற்கரையில் 1530களில் திருமுழுக்குப் பெற்ற பரதவர்கள் போர்ச்சுகீசியரிடமிருந்து பெற்ற பெயர்களும் இதே கிளையைச் சேர்ந்தவை. தூத்துக்குடியின் கோமஸ் பழைய விகுதி சேர்ந்த வடிவம். பர்னாந்தும் ரொட்ரிகோவும் விகுதி இல்லாத மொட்டை ஆட்பெயர்கள், கார்சியாவைப் போலவே.

ஸ்பெயினில் பெயர் வரிசை இப்போது மீண்டும் இளகத் தொடங்கியிருக்கிறது. பெற்றோர் ஒத்துக்கொண்டால் தாயின் பெயரை முன்னே வைக்கலாம் என்று 1999இல் சட்டம் வந்தது. 2017 சூன் முதல் தந்தை பெயருக்குத் தானாக முதலிடம் என்பதே இல்லை. எது முன்னால் என்று பெற்றோர் தேர்ந்து எழுதித் தர வேண்டும். தந்தை கார்சியாவாகவும் தாய் அரிதான பெயர் கொண்டவராகவும் இருந்தால், லோர்காவுக்கு ஊர் வாய் செய்ததைப் பதிவேட்டிலேயே செய்துவிட இப்போது வழி இருக்கிறது.

கொலம்பிய எழுத்தாளரின் பெயரிலிருந்த கார்சியாவுக்கும் ஒரு கிளைக்கதை உண்டு. அவருடைய தந்தை கப்ரியேல் எலிஹியோ, மணமாகாத தாய்க்குப் பிறந்தவர். பெற்ற தகப்பனின் குடும்பப்பெயர் மார்த்தினெஸ். அது பிள்ளைக்கு வரவில்லை. தாய் அர்ஹெமிரா கார்சியாவின் பெயரே பிள்ளைக்கு முதல் குடும்பப்பெயராகி, அடுத்த தலைமுறைக்கும் இறங்கியது. தந்தைவழிப் பெயர் என்று நாம் மேலே குறித்த கார்சியா, உண்மையில் அந்தப் பாட்டியின் பெயர். முறைப்படி பதிவு நடந்திருந்தால் நூலக அட்டவணையில் அவர் மார்த்தினெஸ் மார்கெஸ் என்று இருந்திருப்பார்.